ஆயி கொடுத்த தண்ணீரும் கருவடிக்குப்பம் வாங்கிய குப்பையும்

1

கருவடிக்குப்பத்தில் வீடு என்று சொன்னால் புதுச்சேரியில் இரண்டு விதமாகத் திருப்பிக் கேட்பார்கள். இலக்கியம் படித்தவர்கள் 'குயில்தோப்பு பக்கமா?' என்பார்கள். மற்றவர்கள் 'சுடுகாட்டாண்டயா?' என்பார்கள். இரண்டும் உண்மைதான். பாரதியின் குயில் பாட்டோடு சேர்த்துப் பேசப்படும் தோப்பும் சித்தானந்த சுவாமி கோயிலும் இங்கேதான் இருக்கின்றன. நகரத்துப் பிணங்கள் எரியும் இடமும் இதுதான், என் அப்பாவை எரித்த இடமும் இதுதான். தமிழ் எம்.ஏ. வகுப்பில் எனக்குக் கிடைத்தது முதல் கருவடிக்குப்பம். வகுப்பு முடிந்து சைக்கிளில் திரும்பும்போது மூக்கில் ஏறியது இரண்டாவது கருவடிக்குப்பம். என் பள்ளிக்காலம் முழுக்க நகராட்சியின் குப்பைமேடும் இங்கேதான் புகைந்துகொண்டிருந்தது.

இந்த இரண்டு கருவடிக்குப்பங்களும் ஒரே கட்டுரையில் சந்தித்து நான் பார்த்ததில்லை. பாரதி ஆய்வாளர்கள் குப்பைமேட்டைத் தாண்டிப் போய்க் குயிலைக் கேட்கிறார்கள். நகராட்சிக் கோப்புகளுக்குக் குயில் கேட்பதில்லை.

எங்கள் தெருவில் பஞ்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் இருந்தார். நான் 'மாமா' என்று கூப்பிடுவேன். புதுச்சேரி வரலாறு பற்றி எழுதப் போகிறேன் என்று சொன்னபோது அவர் சொன்னது இது: 'இதுக்கு இன்னாத்துக்குப் புஸ்தகம்? டவுனுக்கு இன்னா வேணுமோ அது இந்தப் பக்கத்திலேர்ந்து போவும். டவுனுக்கு இன்னா வேணாமோ அது இந்தப் பக்கம் வந்து சேரும். அவ்ளோதான் தம்பி சரித்திரம்.'

அவர் சொன்ன இரண்டு வாக்கியங்களைச் சரிபார்ப்பதுதான் இந்தக் கட்டுரையின் வேலை.

2

புதுச்சேரி ஆற்றுக்கும் கடலுக்கும் நடுவில் உட்கார்ந்திருக்கும் ஊர். மேற்கே வில்லியனூரைத் தொட்டு வரும் சங்கராபரணி, தெற்கே அதன் கிளையான அரியாங்குப்பம் ஆறு. அந்த ஆற்றின் கரையில்தான் ரோமானிய வணிகத்தின் தடயங்களோடு அரிக்கமேடு கிடக்கிறது. 1945இல் மார்ட்டிமர் வீலர் தோண்டி உலகுக்குக் காட்டினார். ஆனால் பிரெஞ்சுக்காரர்கள் கட்டிய நகரம் ஆற்றுக்கு முதுகையும் கடலுக்கு முகத்தையும் காட்டி நின்றது. கடலை ஒட்டிய வெள்ளையர் நகரம், பெரிய வாய்க்கால், அதற்கப்பால் தமிழர் நகரம், அதற்கும் அப்பால் உழவர்கரை. கருவடிக்குப்பம், லாஸ்பேட்டை, சாரம், ரெட்டியார்பாளையம், முத்திரையர்பாளையம் எல்லாம் இந்தக் கடைசி வட்டத்தில் வருபவை.

கடலை ஒட்டியிருந்தவர்களுக்கு நல்ல தண்ணீர் இல்லை. தண்ணீர் முத்திரையர்பாளையத்தில் இருந்தது. அதைக் குழாய் வழியே நகரத்துக்குக் கொண்டுவந்தது மூன்றாம் நெப்போலியன் காலத்தில். வேலையைச் செய்த பொறியாளர் லாமெரெஸ். இதே லாமெரெஸ் தென்னிந்தியத் தமிழ்ப் பாடல்களைப் பிரெஞ்சில் மொழிபெயர்த்து 1860களில் நூலாக்கியவரும்கூட. தமிழ் படித்தவன் என்ற முறையில் இந்தத் தகவல் எனக்குப் பிடித்திருந்தது. அப்புறம்தான் உறைத்தது: பாட்டும் தண்ணீரும் ஒரே திசையில்தான் போயிருக்கின்றன.

தண்ணீர் வந்த கதையைச் சொல்லத்தான் பூங்காவின் நடுவில் ஆயி மண்டபம் நிற்கிறது. கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். விசயநகர காலம். அவ்வழியே வந்த அரசன் (சிலர் அமைச்சன் என்பார்கள்) விளக்குகள் எரியும் ஒரு கட்டடத்தைக் கோயில் என்று நினைத்துக் கும்பிட்டுவிடுகிறான். அது ஆயி என்ற தாசியின் வீடு. கும்பிட்ட அவமானம் தாங்காமல் வீட்டை இடிக்க உத்தரவு போடுகிறான். ஆயி மன்றாடி, தானே வீட்டை இடித்து, அந்த இடத்தில் குளம் வெட்டுகிறாள். அந்தக் குளத்துத் தண்ணீர்தான் பின்னாளில் நகரத்துக்கு வந்தது. கேள்விப்பட்ட பேரரசர் நெகிழ்ந்துபோய் அவளுக்கு மண்டபம் கட்டச் சொன்னாராம்.

இந்தக் கதை நடந்ததா இல்லையா என்பது வேறு விஷயம். இதை ஒரு பிரதியாக வாசித்தால் என்ன தெரிகிறது? தப்பாகக் கும்பிட்டவன் அரசன். தண்டனை அடைந்தவள் ஆயி. அவளுடைய வீடு இடிபட்டது. ஆனால் மண்டபம் கட்டப்பட்ட பிறகு கதையிலிருந்து இடிப்பு மங்கிப்போய் ஈகை மட்டும் மிஞ்சுகிறது. சுற்றுலாக் கையேடுகள் இன்றும் அவளைக் கொடையாளியாகத்தான் அறிமுகப்படுத்துகின்றன. எடுத்துக்கொண்டதைக் கொடுத்ததாக எழுதுகிற இந்தச் சொல்லாடல்தான் புதுச்சேரியின் பொதுச்சேவை வரலாறு முழுக்க ஓடுகிறது என்று நினைக்கிறேன். புறநகரம் தண்ணீர் தந்தது, இடம் தந்தது, உழைப்பு தந்தது என்பார்கள். தரமாட்டேன் என்று சொல்ல அதற்கு வாய் இருந்ததா என்று மட்டும் கேட்பதில்லை.

இது புதுச்சேரிக்கு மட்டும் வாய்த்த கதையல்ல. அதே மூன்றாம் நெப்போலியன் காலத்தில்தான் பாரிஸில் ஓஸ்மான் நகரத்தை இடித்துக் கட்டினார். பெல்கிராந்த் தொலைவிலிருந்து நல்ல தண்ணீரைக் கொண்டுவந்தார், பூமிக்கடியில் சாக்கடைகளைப் போட்டார். 1860இல் சுற்றியிருந்த ஊர்கள் நகரத்தோடு சேர்க்கப்பட்டன. பிறகு நகரத்துச் சாக்கடை நீரை ழென்வில்லியே என்ற புறநகரத்தின் வயல்களில் பாய்ச்சினார்கள். அங்கேயும் நகரத்தின் சுத்தம் என்பது அழுக்கை வேறொருவர் வாசலுக்கு மாற்றுவதுதான்.

3

பெரியவர் சொன்ன இரண்டாவது வாக்கியத்துக்கு வருவோம். நகரத்துக்கு வேண்டாதவை எங்கே வந்தன?

பிணங்கள் கருவடிக்குப்பம் வந்தன. குப்பையும் பல ஆண்டுகள் கருவடிக்குப்பம் வந்து, பிறகு குரும்பாப்பட்டுக்குப் போனது. சாக்கடை நீரைச் சுத்தம் செய்யும் பண்ணை பக்கத்திலேயே லாஸ்பேட்டையில். விமான நிலையமும் அங்கேதான். லாஸ்பேட்டையின் பெயரில் உள்ள 'லா', 1761இல் ஆங்கிலேயர் தரைமட்டமாக்கிய நகரத்தை 1765க்குப் பிறகு திரும்பக் கட்டியெழுப்பிய கவர்னர் லா தெ லொரிஸ்தோன் குடும்பத்துப் பெயர். நகரத்தைக் கட்டினவர் பெயரைப் புறநகரத்துக்கு வைத்துவிட்டு, நகரத்தின் கழிவையும் அங்கேயே அனுப்பியிருக்கிறோம். யாரும் திட்டமிட்டுச் செய்த கேலியல்ல. இருந்தாலும் கேலிதான்.

குப்பைமேடு இடம் மாறியதை எங்கள் தெருவில் வெற்றி என்று கொண்டாடினோம். நானும் கொண்டாடினேன். குரும்பாப்பட்டில் இருப்பவர்களுக்கு மூக்கு இல்லையா என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை. இதை எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது. மையம் விளிம்பைச் சுரண்டுகிறது என்று எழுதிவிடுவது சுலபம். ஒரு விளிம்பு தன் பாரத்தை இன்னொரு விளிம்பின் தலையில் இறக்கிவைத்துவிட்டு மூச்சுவிடுகிறதே, அதை எந்தக் கணக்கில் எழுதுவது? அந்தக் குப்பையை வெறுங்கையால் கிளறிப் பிழைத்தவர்கள் எந்தச் சாதி, எந்தத் தெரு என்பது எங்கள் எல்லோருக்கும் தெரியும். மேடு இடம் மாறியபோது அவர்களும் கூடவே இடம் மாறினார்கள். அந்தச் செய்தி எந்தப் பத்திரிகையிலும் எழுதப்படவில்லை என்பதைவிட, என்னாலும் எழுதப்படவில்லை என்று சொல்வதே சரி.

தண்ணீருக்கும் இப்போது பழைய கதை செல்லாது. மேற்கு மேட்டில் பெய்யும் மழை கடலூர் மணற்கல் அடுக்குக்குள் இறங்கி, கடலை நோக்கி மெதுவாக நகர்கிறது. 1870களில் பஞ்சாலை வளாகத்தில் துளை போட்டபோது தண்ணீர் தானாகப் பீறிட்டு மேலே வந்ததற்கு அந்த அழுத்தம்தான் காரணம். இன்று மோட்டார் வைத்து எவ்வளவு ஆழத்திலிருந்து உறிஞ்சினாலும் போதவில்லை. நல்ல தண்ணீர் பின்வாங்குகிற இடத்தில் உப்புத் தண்ணீர் உள்ளே வருகிறது. மழை இறங்குகிற மேட்டில் வீட்டுமனைகள் வந்துவிட்டன. முத்திரையர்பாளையம் இன்னும் நகரத்துக்குத் தண்ணீர் அனுப்பிக்கொண்டுதான் இருக்கிறது.

4

வேண்டாம் என்று சொல்லும் வாய் எங்கே போனது? இந்தக் கேள்விக்குப் பதில் கொம்யூன்களின் வரலாற்றில் இருக்கிறது.

1880 மார்ச் 12 ஆணைப்படி பிரெஞ்சிந்தியாவில் கொம்யூன்கள் உருவாயின. உழவர்கரை அப்போதே ஒரு கொம்யூன். தேர்ந்தெடுக்கப்பட்ட நகரசபை, மேயர் எல்லாம் உண்டு. பொற்காலம் என்று நினைத்துவிட வேண்டாம். 1884க்குப் பிறகு வாக்காளர்களை மூன்று பட்டியலாகப் பிரித்தார்கள்: ஐரோப்பியர், தனிச்சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்றவர்கள், மற்றவர்கள். சில நூறு பேர் கொண்ட பட்டியலும் மற்றவர்கள் எல்லோரையும் அடைத்த பட்டியலும் சமமான எடை. தேர்தல் நாளில் தடியும் சாராயமும்தான் வாக்களித்தன. பட்டியல் முறை இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகே ஒழிந்தது. 1936 ஜூலை 30இல் சவானா ஆலைத் தொழிலாளர்கள் 12 பேர் சுட்டுக் கொல்லப்பட்டபோதும், அடுத்த ஆண்டு எட்டு மணி நேர வேலை உரிமை கிடைத்தபோதும், அந்த வரலாற்றை எழுதியது நகரசபைகள் அல்ல. அதை எழுதியது ஆலைக் கொட்டகைகளும் பேட்டைகளும்தான்.

ஆனாலும் ஒன்றை மறக்கக்கூடாது. 1954 அக்டோபர் 18இல் கீழூரில் இந்த மண்ணின் தலைவிதியை முடிவு செய்தது பிரதிநிதி சபை உறுப்பினர்களோடு நகரசபை உறுப்பினர்கள். 178 பேர் வாக்களித்தார்கள். இந்தியாவோடு சேர 170, எதிராக 8. நவம்பர் 1இல் ஆட்சி கைமாறியது, சட்டப்படியான இணைப்பு 1962 ஆகஸ்ட் 16இல். ஒரு நாட்டை விட்டு இன்னொரு நாட்டோடு சேரும் முடிவை எடுக்கத் தகுதியுள்ளவர்கள் என்று நகரசபை உறுப்பினர்களை நம்பினார்கள்.

அதற்குப் பிறகு நடந்ததைப் பாருங்கள். 1968இல் உள்ளாட்சித் தேர்தல். அடுத்தது 2006இல். நடுவில் 38 ஆண்டுகள். 74ஆம் அரசியல் சட்டத் திருத்தம் வந்த பிறகும் பத்தாண்டுக்கு மேல் ஆனது. அப்படி வந்த சபைகளின் காலம் 2011இல் முடிந்தது. 2021இல் மறுபடி தேர்தல் அறிவிப்பு வந்தது, இடஒதுக்கீட்டு வழக்கில் நீதிமன்றத்தோடு நின்றது. நாட்டை இணைக்கத் தகுதி பெற்ற ஒரு சபைக்குத் தெருவிளக்கு போடத் தகுதியில்லாமல் போய்விட்டது.

2011 கணக்கெடுப்பின்படி உழவர்கரை நகராட்சியின் மக்கள்தொகை 3,00,104. புதுச்சேரி நகராட்சி 2,44,377. 'புறநகரம்' நகரத்தைவிடப் பெரிதாகிவிட்டது. அப்புறமும் புறம் என்றே பெயர். தெருவில் சாக்கடை அடைத்துக்கொண்டதைச் சொல்ல நான் ஓர் அலுவலகத்துக்குப் போனேன். இது எங்கள் எல்லையில்லை, அங்கே போங்கள் என்றார்கள். அங்கே போனால் குழாய் வேறு துறை, மண் வேறு துறை என்றார்கள். ஓட்டுக் கேட்டு வந்தவரைத் தேடிப் பிடித்துச் சட்டையைப் பிடிக்கலாம். மாற்றலாகிப் போய்விடும் அதிகாரியின் சட்டையை எங்கே தேடுவது?

5

2024 ஜூன் 11. ரெட்டியார்பாளையம் புதுநகர். பாதாளச் சாக்கடையில் சேர்ந்த நச்சுவாயு கழிப்பறைகள் வழியாக வீடுகளுக்குள் ஏறியது. ஒரு பள்ளிச் சிறுமி உட்பட மூன்று பெண்கள் இறந்துபோனார்கள். சாக்கடைக்குள் இறக்கிவிடப்பட்டுச் செத்தவர்களைப் பற்றி நமக்குத் தெரியும். அவர்களைப் பற்றிப் போதுமான அளவு வெட்கப்படவும் இல்லை. இங்கே வீட்டுக்குள் இருந்தவர்களைத் தேடிச் சாக்கடை வந்தது.

கழிப்பறையின் வளைகுழாயில் எப்போதும் கொஞ்சம் தண்ணீர் தேங்கி நிற்கும். அந்தத் தண்ணீர்தான் சாக்கடைக் காற்றுக்கும் மனித மூச்சுக்கும் நடுவிலுள்ள கதவு. அது எந்த வீட்டில் இருந்தது, எந்த வீட்டில் இல்லை என்று குற்றத்தை வீடு வீடாகப் பிரித்துக் கொடுத்துவிடலாம். ஆனால் பூமிக்கடியில் வாயு சேர்ந்தது தனித்தனி வீட்டின் காரியமல்ல. முத்திரையர்பாளையத்துத் தண்ணீர் நகரத்துக்குப் போய் ஒன்றரை நூற்றாண்டு ஆகிறது. பக்கத்து ரெட்டியார்பாளையத்துக்கு வந்து சேர்ந்தது இது.

அதே ஆண்டு நவம்பர் 30இல் ஃபெங்கல் புயல் கரை கடந்தது. 24 மணி நேரத்தில் ஏறக்குறைய 48 செ.மீ. மழை. கிருஷ்ணா நகர், ரெயின்போ நகர் பக்கமெல்லாம் மார்பளவு தண்ணீர். ராணுவம் படகோடு வந்தது. அவ்வளவு மழைக்கு எந்த ஊரும் தாங்காது என்பது சரி. ஆனால் எந்தத் தெருவில் முதலில் ஏறும், எந்தத் தெருவில் கடைசியில் வடியும் என்பதை மழை முடிவு செய்வதில்லை. வயலையும் வாய்க்காலையும் யார் மனை போட்டார்கள், யார் கையெழுத்துப் போட்டார்கள் என்பதில் அது இருக்கிறது.

ஆயி மண்டபத்தை இடிக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. ஏற்கனவே ஒருமுறை இடிபட்டவள் அவள். அந்தக் கதையை இனிச் சொல்கிறவர்கள் இடிப்பையும் சேர்த்துச் சொல்லட்டும். குயில்தோப்புக்கு மாணவர்களைக் கூட்டிவரும் ஆசிரியர்கள் திரும்பும்போது நூறடி தள்ளியிருக்கும் தெருவுக்குள்ளும் ஒருநடை கூட்டிப் போகட்டும். எழுதுகிற, இயக்கங்களில் வேலை செய்கிற நண்பர்கள் உள்ளாட்சித் தேர்தல் கோரிக்கையைக் கட்சிக்காரர்களின் பதவிச் சண்டை என்று ஒதுக்கிவிட வேண்டாம். எங்கள் தெருவில் அது மூச்சுக்காற்று சம்பந்தப்பட்ட விஷயம்.

பஞ்சாலைப் பெரியவர் இப்போது இல்லை. அவரையும் இங்கேதான் எரித்தோம். அவர் சொன்ன சரித்திரத்தில் நான் திருத்த முயன்றது ஒரே இடம்: 'அவ்ளோதான்' என்ற அந்தக் கடைசிச் சொல்.