எழுதியதும் எழுதாததும்

சேசர் ஃபிராங்க் என்னும் பெயரை மேலை இசையில் ஓரளவு பழக்கமுள்ளோர் அறிவர். பாரீசு நகரின் புனித குளோத்தில்து ஆலயத்தில் முப்பது ஆண்டுகளுக்கு மேலாக ஆர்கன் இசைத்தவர் அவர். அதே ஆலயத்தில், 1898 முதல் 1939-இல் இறக்கும் வரை, அதே ஆர்கன் முன் அமர்ந்திருந்தவர் அவருடைய மாணவரான ஷார்ல் தூர்னமீர். இவரை அறிந்தோர் சிலரே.

1870-இல் போர்தோ நகரில் பிறந்த தூர்னமீர், ஃபிராங்கிடம் பயின்றது சிறிது காலமே. 1890-இல் ஆசிரியர் மறைந்தார். மாணவர் பின்னாளில் எட்டு சிம்பொனிகள் இயற்றினார். அவை இன்று அரிதாகவே ஒலிக்கின்றன.

அவருடைய பெரும்பணி 1927-இல் தொடங்கியது. லூத்தரன் சபையின் பாடல்களைக் கொண்டு பாக் ஆற்றிய தொண்டைக் கத்தோலிக்கத் திருச்சபையின் கிரகோரியன் பண்களைக் கொண்டு ஆற்ற அவர் விழைந்தார். வழிபாட்டு ஆண்டின் ஞாயிறுகளுக்கும் பெருவிழாக்களுக்குமாக 51 தொகுதிகள். வருகைப் பல்லவிக்கு ஒரு முன்னிசை, காணிக்கைக்கு ஒன்று, எழுந்தேற்றத்திற்கு ஒன்று, நற்கருணைக்கு ஒன்று, திருப்பலி முடிந்து மக்கள் கலையும்போது நீண்டதொரு நிறைவிசை. 1932-இல் பணி முடிந்தபோது 253 இசைப்பகுதிகள் உருவாகியிருந்தன. 'மறைபொருள் ஆர்கன்' எனப் பொருள்படும் பெயரை அதற்கு இட்டார். அந்தந்த நாளுக்குரிய பண்கள் இவற்றில் தாள அளவுக்கு அடங்காமல், தூபம்போல் எழுந்து கலைகின்றன. எழுந்தேற்றத்திற்குரியவை பெரும்பாலும் ஒரு பக்கத்தைத் தாண்டுவதில்லை. குரு செய்யும் செயலைவிட இசை நீளலாகாது என்பதை அவர் அறிந்திருந்தார்.

இலத்தீன் திருப்பலியில் குரு தாழ்குரலில் செபிக்கும் மௌன இடைவெளிகள் பல இருந்தன. தூர்னமீரின் இசைக்கு அவையே வீடு. 1963-இல் வெளியான வத்திக்கான் சங்கத்தின் வழிபாட்டுக் கொள்கைத்திரட்டு கிரகோரியன் இசைக்கு முதலிடமும் குழல் ஆர்கனுக்கு உயர்மதிப்பும் அளித்தது உண்மையே. எனினும் மக்கள் தத்தம் மொழியில் பாடத் தொடங்கியபின் அந்த இடைவெளிகள் சுருங்கின. மக்கள் பாடுவது பெரும்பேறு. அதனை நான் குறைகூறேன். ஆயினும் ஒரு மனிதர் ஐந்தாண்டுகள் உழைத்துக் கட்டிய இசை, வழிபாட்டிலிருந்து கச்சேரி மேடைக்குக் குடிபெயர நேர்ந்ததே என்னும் வருத்தம் எனக்கு உண்டு.

இதில் வியப்பொன்றும் உண்டு. திருப்பலியின்போது தூர்னமீர் பெரும்பாலும் தாம் எழுதியவற்றை இசைப்பதில்லை. பண் நூலைத் திறந்து வைத்துக்கொண்டு, மனத்தில் தோன்றியதை அவ்வப்போதே இசைப்பார். காற்றில் கரைந்துவிட வேண்டியவை அவை. 1930, 1931 ஆண்டுகளில் அவ்வாறு இசைத்த ஐந்து மட்டும் இசைத்தட்டில் பதிவாயின. அவருடைய மாணவர் மொரீஸ் தூருஃப்ளே அத்தட்டுகளைக் கேட்டு, ஒவ்வொரு சுரமாக ஏட்டில் எழுதி, 1958-இல் அச்சிட்டார். உயிர்ப்புப் பெருவிழாத் தொடர்பாடலான 'விக்திமே பஸ்காலி'யின் பண்மீது எழுந்தது அவற்றுள் ஒன்று. தூர்னமீரின் பெயரால் இன்று ஆர்கன் கலைஞர்கள் மிகுதியாக இசைப்பவற்றில், அவர் ஒருபோதும் எழுதாத இந்தப் படைப்பும் ஒன்று.