பூவா தலையா போட்டு வைத்த பெயர்

பன்னிரண்டாம் வகுப்புக் கணக்குப் புத்தகத்தில் 'சமவாய்ப்பு மாறி' என்றொரு சொல் வரும். ஆங்கிலத்தில் அதை 'ராண்டம் வேரியபிள்' என்பார்கள். அந்த ஆங்கிலப் பெயர் நிலைபெற்றதில் ஒரு நாணயத்துக்கும் பங்கு உண்டு.

ஜாக்ரெப் நகரில் 1906இல் பிறந்து அமெரிக்காவில் குடியேறியவர் வில்லியம் ஃபெல்லர். நிகழ்தகவுக் கோட்பாட்டுக்கு அவர் எழுதிய அறிமுக நூலின் முதல் தொகுதி 1950இலும் இரண்டாவது 1966இலும் வெளிவந்தன. இல்லினாய் பல்கலைக்கழகத்தின் ஜோசஃப் டூப், 1953இல் இத்துறையின் மற்றொரு பெருநூலை வெளியிட்டார். இருவரும் நூல் எழுதிக்கொண்டிருந்த நாள்களில் ஒரு வாக்குவாதம். எல்லாரும் 'ராண்டம் வேரியபிள்' என்றுதான் சொல்கிறார்கள் என்றார் ஃபெல்லர். இல்லை, 'சான்ஸ் வேரியபிள்' என்றுதான் சொல்கிறார்கள் என்றார் டூப். இரு நூல்களிலும் ஒரே பெயர் இருந்தாக வேண்டும். பூவா தலையா போட்டார்கள், ஃபெல்லர் வென்றார். பின்னாளில் ஒரு நேர்காணலில் டூப்பே இதைச் சொன்னார்.

தோற்ற சொல்லின் வேர் லத்தீனில் 'விழுதல்'. பகடை விழுவதுபோல் வந்து விழுவதே 'சான்ஸ்'. வென்ற 'ராண்டம்' பழைய பிரெஞ்சிலிருந்து வந்தது. தறிகெட்ட பாய்ச்சலைக் குறித்த சொல் அது. இலக்கில்லாமல் நடப்பது என்ற பொருள் பிறகு வந்து ஒட்டிக்கொண்டது. பிரெஞ்சுக்காரர்களோ இதே கருத்துக்குப் பகடையாட்டத்தைக் குறிக்கும் 'ஆலியா' என்ற லத்தீன் சொல்லிலிருந்து பெயர் எடுத்தார்கள்.

நம் சொல்லுக்கு வருவோம். இரண்டு பகடைகளை உருட்டி எண்களைக் கூட்டுங்கள். அந்தக் கூட்டுத்தொகை ஒரு சமவாய்ப்பு மாறி. மொத்தம் 36 விளைவுகள். கூட்டுத்தொகை 2 ஆவதற்கு ஒரே வழி, 1-1. அது 7 ஆவதற்கோ 1-6, 2-5, 3-4, 4-3, 5-2, 6-1 என ஆறு வழிகள். ஒன்றின் நிகழ்தகவு 1/36, மற்றதன் நிகழ்தகவு 6/36. இதில் 'சமம்' எங்கே இருக்கிறது? பெயரை நம்பும் மாணவர் எல்லா மதிப்புகளுக்கும் ஒரே வாய்ப்பு என்று நினைத்தால் அது அவர் தவறன்று.

'ராண்டம்' என்பதற்கு இலங்கைத் தமிழர்கள் 'எழுமாறு' என்ற சொல்லை ஆள்கிறார்கள். எழும் ஆறு, அதாவது எழுகிற வழி, என்று பிரித்துப் பார்த்தால் எது எழுமோ அது எழட்டும் என்ற பொருள் கிடைக்கிறது. சமம் என்ற பொய்யான உறுதி அதில் இல்லை. அந்தச் சொல் நம் பாடநூலுக்கும் வர வேண்டும் என்பது என் ஆசை.

'மாறி' என்பதும் முழுப் பொருத்தமில்லை. கணிதத்தின் கண்ணில் அது ஒரு சார்பு: ஒவ்வொரு விளைவுக்கும் ஓர் எண்ணைக் கொடுக்கும் விதி. 3-4 விழுந்தால் 7 என்பது அந்த விதியில் என்றும் மாறாது. மாறுவது பகடைதான்.

டூப் தோற்றாலும் அவர் தேற்றங்களில் ஒன்றுகூடக் கெட்டுப்போகவில்லை; வரையறை தெளிந்தவர்க்குப் பெயர் தடையாவதில்லை. புதிதாகப் படிக்க வரும் பிள்ளைக்கோ பெயர்தான் முதல் வாசல். 'சமவாய்ப்பு மாறி' என்று கரும்பலகையில் எழுதுமுன் ஆசிரியர் வகுப்பில் இரண்டு பகடைகளை உருட்டிக் காட்டட்டும்.