குரலும் கருவியும்: லாரி ஆண்டர்சனின் கலைவாழ்வு

நியூயார்க் நகரின் மன்ஹாட்டனில் ஹவுஸ்டன் தெருவுக்குத் தெற்கே அமைந்த சோஹோ பகுதி, பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் துணி வணிகத்துக்கும் சிறு தொழிற்சாலைகளுக்குமாக எழுப்பப்பட்ட வார்ப்பிரும்பு முகப்புக் கட்டடங்களால் நிறைந்தது. அத்தொழில்கள் இரண்டாம் உலகப்போருக்குப் பின் படிப்படியாக வெளியேறியபோது, உயர்ந்த கூரையும் தடுப்புச் சுவரற்ற நீண்ட தளமும் கொண்ட, லாஃப்ட் எனப்படும் கிடங்குத் தளங்கள் வெறுமையாயின. குறைந்த வாடகைக்கு அவற்றில் குடியேறிய ஓவியர், சிற்பிகள், இசைஞர் ஆகியோரின் குடியிருப்பை நகர நிர்வாகம் 1971இல் சட்டப்படி ஏற்றுக்கொண்டது. ஸ்டெய்னா, வூடி வசுல்கா இணையர் ஒரு பழைய விடுதிக் கட்டடத்தின் சமையலறையில் 'தி கிச்சன்' என்ற நிகழ்வுக்கூடத்தைத் தொடங்கியதும் அதே ஆண்டில்தான். சிற்பியும் இசைஞரும் நடனக்காரரும் அண்டை வீட்டாராக வாழ்ந்து, ஒருவர் நிகழ்வுக்கு மற்றவரே பார்வையாளராக வந்த அந்தச் சூழலில், கலைஞர் தம் உடலையும் குரலையும் தாம் செலவிடும் நேரத்தையுமே படைப்பின் பொருளாகக் கொள்ளும் நிகழ்த்துகலை வலுப்பெற்றது. அக்கலையைக் காட்சிக்கூடத்திலிருந்து பெருந்திரளான மக்களின் செவிக்குக் கொண்டு சென்றவர்களுள் முதன்மையானவர் லாரி ஆண்டர்சன்.

இல்லினாய் மாநிலத்தில் சிகாகோவை அடுத்த கிளென் எலினில் 1947இல் பிறந்த அவர், இளமையிலேயே வயலின் பயின்று சிகாகோ இளைஞர் இசைக்குழுவில் வாசித்தவர். ஆயினும் கல்லூரியில் அவர் தேர்ந்தது இசையை அன்று. பர்னார்டு கல்லூரியில் 1969இல் கலை வரலாற்றிலும், கொலம்பியா பல்கலைக்கழகத்தில் 1972இல் சிற்பத்திலும் பட்டம் பெற்றார். இந்தச் சிற்பப் பயிற்சியை நினைவில் வைக்காமல் அவருடைய இசையைப் புரிந்துகொள்வது கடினம். ஒலியை அவர் எடையும் இடமும் உடைய ஒரு பொருளாகவே கையாண்டார். அப்பொருளை உடலிலிருந்து பிரிக்கலாம், வெட்டி ஒட்டலாம், வேறோர் உடலில் பொருத்தலாம் என்பதே அரை நூற்றாண்டாக அவர் படைப்புகளை இணைத்துவரும் எண்ணம்.

1974, 1975 ஆண்டுகளில் நியூயார்க் தெருக்களிலும் பின்னர் இத்தாலியின் ஜெனோவாவிலும் நிகழ்த்திய 'டூயட்ஸ் ஆன் ஐஸ்' இதன் தெளிவான தொடக்கம். பனிக்கட்டிக்குள் உறைந்த சறுக்குக் காலணிகளை அணிந்து நின்று, உள்ளே ஒலிபெருக்கி பொருத்திய வயலினை அவர் வாசித்தார்; வயலின் ஒருபுறம் முன்பதிவு செய்த இசையை வெளியிட, மறுபுறம் அவர் வில் அதனோடு சேர்ந்து இசைத்தது. பனி உருகி அவர் சமநிலை இழக்கும்போது கச்சேரி முடிந்தது.

பொறியாளர் பாப் பியலெக்கியின் துணையுடன் 1977இல் உருவான நாடா-வில் வயலினே அவருடைய மிகப்பெரிய கண்டுபிடிப்பு. வில்லில் குதிரைமுடி இருக்க வேண்டிய இடத்தில் பதிவு செய்த காந்த ஒலிநாடாத் துண்டும், வயலினில் தந்திகளைத் தாங்கும் குதிரை என்ற பகுதியில் ஒலிநாடாவை வாசிக்கும் காந்தத் தலையும் பொருத்தப்பட்டன. வில்லை இழுக்கும் வேகத்துக்கு ஏற்பப் பேச்சு விரைந்தது அல்லது இழுபட்டது. வில் திரும்பும்போது பேச்சும் பின்னோக்கி ஓடியது. தமிழ் யாப்பில் மாலைமாற்று எனப்படும் செய்யுள், கடைசி எழுத்திலிருந்து படித்தாலும் மாறாமல் நிற்பது. அங்கே திருப்பப்படுவது எழுத்து. நாடாவில் திரும்புவது மெய்யும் உயிரும் பிணைந்த ஒலி என்பதால், மறுப்பைக் குறிக்கும் 'நோ' என்ற ஆங்கிலச் சொல் திரும்பும்போது எண் ஒன்றைக் குறிக்கும் 'ஒன்' ஆகிவிடுகிறது. பல நூற்றாண்டுகளாக மாந்தக் குரலைப் போலிசெய்து வந்த ஒரு கருவி, இந்த மாற்றத்தால் உண்மையிலேயே பேசத் தொடங்கியது.

அடுத்த ஆண்டு நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் வைக்கப்பட்ட 'ஹேண்ட்ஃபோன் டேபிள்' என்ற மேசையில், முழங்கைகளை ஊன்றிக் காதுகளைக் கைகளால் மூடியவருக்கு எலும்பின் வழியே இசை கேட்டது. மின் தட்டச்சுப்பொறி இருந்த மேசைமீது தலையைக் கைகளில் தாங்கி அமர்ந்தபோது கேட்ட இரைச்சலே அதற்குத் தூண்டுதலாயிற்று.

பரந்த புகழைத் தந்தது 1981இல் வெளிவந்த 'ஓ சூப்பர்மேன்'. அமெரிக்க அரசின் கலை நல்கையாகக் கிடைத்த 500 டாலரைக் கொண்டு, சிறு நிறுவனமொன்றின் வழியே குறைந்த எண்ணிக்கையில் வெளியான அந்த எட்டு நிமிடப் பாடலை, பிபிசி வானொலியில் ஜான் பீல் ஒலிபரப்பியதைத் தொடர்ந்து அது பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் இரண்டாம் இடத்தை எட்டியது. பிரெஞ்சு இசையமைப்பாளர் மாஸ்னேயின் 'லெ சித்' ஓபெராவில் இடம்பெறும் ஒரு மன்றாட்டுப் பாடலும், ஈரானில் பிணைக்கைதிகளாக இருந்த அமெரிக்கரை மீட்க 1980 ஏப்ரலில் மேற்கொண்ட இராணுவ முயற்சி பாலைவனத்தில் எட்டு வீரரைப் பலிகொண்டு தோற்றதும் அதன் பின்னணி. திரும்பத் திரும்ப ஒலிக்கும் ஒரே ஓரசையின்மேல், பேச்சின் வடிவத்தை மின்னொலியில் ஏற்றும் வோகோடர் கருவியின் வழியாக, அன்னையும் அரசும் படைக்கலமும் ஒன்றாகக் குழையும் குரல் எழுகிறது. 2001 செப்டம்பர் தாக்குதலுக்குப் பின் சில நாள்களிலேயே நியூயார்க்கில் அவர் இதைப் பாடியபோது, இருபது ஆண்டுக்கு முன் எழுதிய சொற்கள் அந்த வாரத்துக்கென்றே எழுதியவைபோல் கேட்டன. தொழில்நுட்பத்தின்மீது வைத்த நம்பிக்கை சிதைவதைப் பற்றிய பாடலுக்கு இத்தகைய நீண்ட ஆயுள் வாய்த்தது துயரமானதே.

பெரிய இசைத்தட்டு நிறுவனத்தின் ஒப்பந்தமும், புரூக்ளின் இசைக்கழகத்தில் 1983இல் இரண்டு மாலைகளில் அரங்கேறிய 'யுனைடெட் ஸ்டேட்ஸ்' என்ற நெடும்படைப்பும் தொடர்ந்தன. இக்காலத்தில் அவர் பாடியது பெரும்பாலும் பேச்சுக்கும் பாட்டுக்கும் இடைப்பட்ட ஒன்று. முறையான வாய்ப்பாட்டுப் பயிற்சியை அவர் மேற்கொண்டது 'ஸ்ட்ரேஞ்ச் ஏஞ்சல்ஸ்' (1989) தொகுப்புக்காகத்தான். தம் இயல்பான குரல் உச்சத்தில் ஒலிப்பது என்று அப்போது கண்டார். அதற்கு நேர்மாறாக, சுருதியை மாற்றும் ஹார்மனைசர் கருவியால் தம் குரலை ஆண் குரலாகத் தாழ்த்தி, அதிகாரத்தின் குரல் என்று அவர் பெயரிட்டிருந்த பாத்திரம் அதற்கு முன்பும் பின்பும் மேடையில் உலவியது. அறிவிப்பாளரும் விற்பனையாளரும் ஆட்சியாளரும் பேசும் நம்பிக்கைத் தொனியைப் பகடி செய்யத் தோன்றிய அக்குரல் காலப்போக்கில் தளர்ந்து, சோகம் கவிந்த முதியவராயிற்று. அவருக்கு ஃபென்வே பெர்கமட் என்று பெயர் சூட்டியவர் பாடகர் லூ ரீட், ஆண்டர்சன் 2008இல் மணந்த துணைவர்.

உடலையும் குரலையும் பிரிக்கும் உத்தி அறத்தின் எடையைப் பெற்றது 2015இல். களிமண் பொம்மையின்மேல் தம் அசையும் உருவைப் படமாக வீழ்த்தி 1975இலேயே அவர் ஒரு சிறு படைப்பைச் செய்திருந்தார். 1998இல் மிலான் சிறையிலிருந்த கைதி ஒருவரின் உருவை அதே முறையில் கலைக்கூடத்துக்குக் கொணர்ந்தார். 'ஹேபியஸ் கார்பஸ்' என்ற படைப்புக்கு இவ்விரண்டும் முன்னோடிகள். இளம்பருவத்திலேயே பிடிக்கப்பட்டுக் குவாண்டனாமோ சிறையில் ஏழாண்டுகளுக்கு மேல் அடைபட்டு, நீதிமன்ற ஆணையால் 2009இல் விடுதலையான முகமது எல் கரானி அமெரிக்க மண்ணில் கால்வைக்கத் தடை இருந்தது. எனவே மேற்கு ஆப்பிரிக்காவில் நாற்காலியில் அமர்ந்த அவருடைய உருவம், நியூயார்க்கின் பார்க் அவென்யூ ஆர்மரி மண்டபத்தில், லிங்கன் நினைவிடச் சிலையை நினைவூட்டும் பேருருவின்மீது நேரலையாக விழுந்தது. ஆட்கொணர்வு மனுவின் பெயரைத் தாங்கிய படைப்பில், சட்டம் கொணர மறுத்த ஆளைக் கலை கொணர்ந்தது.

லூ ரீட் 2013இல் மறைந்த பின், 2020 முதல் ஆஸ்திரேலியாவின் அடிலெய்டு நகரிலுள்ள எந்திரக் கற்றல் நிறுவனத்துடன் சேர்ந்து, அவருடைய எழுத்துகளையும் தம் எழுத்துகளையும் பயின்று புதிய வரிகளை ஆக்கும் மொழிநிரல்களில் ஆண்டர்சன் ஈடுபட்டார். அவற்றை 2024இல் அதே நகரின் கலைவிழாவில் காட்சிக்கும் வைத்தார். நாடாத் துண்டில் பிறர் பேச்சை ஏற்றி வில்லால் இழுத்தவருக்கு, இறந்தவரின் சொற்களைக் கொண்டு புதிய வாக்கியம் அமைக்கும் நிரல் அந்நியமான கருவியாக இருக்கவில்லை.