பெனிசிலின் குடும்பம்

பெனிசிலின் என்பது ஒரே மருந்தின் பெயர் என்று நம்மில் பலர் எண்ணுகிறோம். உண்மையில் அது ஒரு குடும்பத்தின் பெயர். முன்னதில் கண்ட ஏதேனும் ஒரு குறையைப் போக்கவே அக்குடும்பத்தில் புதிய வகைகள் தோன்றின.

1928-ஆம் ஆண்டு லண்டன் செயின்ட் மேரி மருத்துவமனையில், அலெக்சாண்டர் ஃபிளெமிங் ஸ்டாஃபிலோகாக்கஸ் பாக்டீரியாக்களை வளர்த்த தட்டு ஒன்றில் பூஞ்சக்காளான் படர்ந்திருந்தது. அதைச் சுற்றியிருந்த பாக்டீரியாக்கள் அழிந்திருந்தன. பெனிசிலியம் என்னும் அக்காளான் சுரந்த பொருளுக்கு அவர் பெனிசிலின் எனப் பெயரிட்டார். அதைப் பிரித்தெடுத்து மருந்தாக்கியவர்கள் ஆக்ஸ்போர்டைச் சேர்ந்த ஃபுளோரி, செயின், ஹீட்லி முதலியோர் ஆவர்.

1941 பிப்ரவரியில் ஆல்பர்ட் அலெக்சாண்டர் என்னும் காவலருக்கு இம்மருந்து செலுத்தப்பட்டது. நோய் தணியத் தொடங்கியது. ஆனால் சிறுநீரகங்கள் மருந்தை விரைவில் வெளியேற்றிவிட்டன. சிறுநீரிலிருந்தே அதை மீட்டு மறுபடியும் செலுத்தினர். எனினும் கையிருப்பு தீர்ந்தது. மார்ச் மாதத்தில் அவர் இறந்தார்.

அதே ஆண்டு ஃபுளோரியும் ஹீட்லியும் அமெரிக்கா சென்றனர். அங்குப் பியோரியா நகர ஆய்வுக்கூடத்தில், மக்காச்சோளத்திலிருந்து மாவுப்பொருள் எடுத்தபின் எஞ்சும் ஊறல் நீரில் காளானை வளர்த்தபோது விளைச்சல் பன்மடங்கு பெருகியது. ஆனால் அங்குக் கிடைத்த பெனிசிலின் ஆக்ஸ்போர்டில் கிடைத்ததினின்று வேறுபட்டிருந்தது. ஆக்ஸ்போர்டு வகை ‘எஃப்’ என்றும், அமெரிக்க வகை ‘ஜி’ என்றும் பெயர் பெற்றன.

இவ்வேறுபாடு எப்படி வந்தது? பெனிசிலின் மூலக்கூறில் ஒரு மையக்கருவும் ஒரு பக்கச் சங்கிலியும் உள்ளன. மையக்கருவிலுள்ள பீட்டா லாக்டம் வளையம் பாக்டீரியாவின் செல்சுவர் உருவாவதைத் தடுக்கிறது. மனித செல்களுக்குச் சுவர் இல்லாததால் அவை தப்பிக்கின்றன. மையக்கரு எல்லா வகைக்கும் ஒன்றே; பக்கச் சங்கிலி மாறினால் மருந்தின் குணமும் மாறும்.

பெனிசிலின் ஜி இரைப்பை அமிலத்தில் சிதைவதால் ஊசியாகவே போடப்படுகிறது. அமிலத்தைத் தாங்கும் பெனிசிலின் வி வந்தபின் மாத்திரையாக விழுங்க முடிந்தது. காவலரிடம் கண்ட குறைக்கும் வழி பிறந்தது. ஜி வகையைப் புரோக்கெய்னுடன் சேர்த்தால் அது தசையில் தங்கி மெல்லக் கரைந்து ஏறத்தாழ ஒரு நாள் பயன் தரும். பென்சதீனுடன் சேர்த்தால் மூன்று, நான்கு வாரங்கள் பயன் தரும். மூட்டுவாதக் காய்ச்சல் மீண்டும் வந்து இதயத்தைத் தாக்காதிருக்க இன்றும் இவ்வூசியே போடப்படுகிறது.

1957-இல் இங்கிலாந்தின் பீச்சம் நிறுவன ஆய்வாளர்கள் மையக்கருவைத் தனியே பிரித்தனர். பின்னர் அதனுடன் வேண்டிய சங்கிலியை இணைக்க முடிந்தது. ஜி வகைக்கு அடங்காத பல பாக்டீரியாக்களையும் அழிக்கும் ஆம்பிசிலின் 1961-இலும், அமாக்சிசிலின் 1972-இலும் வந்தன.

பாக்டீரியாவும் வாளா இருக்கவில்லை. பெனிசிலினைச் சிதைக்கும் நொதி ஒன்று பாக்டீரியாவில் இருப்பதை ஏப்ரகாமும் செயினும் 1940-இலேயே, அதாவது காவலருக்கு மருந்து கொடுக்கப்படுமுன்பே, வெளியிட்டனர். அந்நொதியைத் தாங்கும் மெத்திசிலின் 1960-இல் வழக்கத்திற்கு வந்தது. மறு ஆண்டே அதையும் எதிர்த்து நிற்கும் ஸ்டாஃபிலோகாக்கஸ் பற்றி அறிவிக்கப்பட்டது!

குறைந்த அளவில் மருந்து உட்கொண்டால் கிருமிகள் அழியாமல், எதிர்க்கப் பழகிவிடும் என்று ஃபிளெமிங் 1945-இல் தமது நோபல் உரையிலேயே எச்சரித்தார். மருத்துவர் சொல்லாமல் இம்மருந்தை உட்கொள்ளலாகாது. அவர் சொன்ன அளவைக் குறைக்கவும் கூடாது. பெனிசிலின் குடும்பத்தைக் காக்கும் பொறுப்பு நம் கையிலும் இருக்கிறது.