சபாபதியின் உருட்டு விழிகள்

காரைக்குடி வட்டாரம், தமிழ்த் திரைக்கு முதல் போட்டவர்களின் ஊராகவே பெரும்பாலும் பேசப்படுகிறது. உடல்வழி நகைச்சுவைக்கு, அதாவது வசனத்தைவிடக் கண், கை, நடை ஆகியவற்றின் அசைவால் சிரிப்பை விளைவிக்கும் நடிப்புக் கலைக்கு, இவ்வட்டாரத்தார் ஒருவர் அமைத்துக் கொடுத்த களம் அந்த அளவுக்குக் கவனிக்கப்படவில்லை. 1907இல் காரைக்குடியில் பிறந்த ஏ.வி. மெய்யப்பன் 1941 டிசம்பரில் வெளியிட்ட 'சபாபதி'யில் நாயகனாக்கியது, கரூரை அடுத்த திருக்காம்புலியூரில் 1917இல் பிறந்து, நாடகக் கம்பெனியில் பயின்று வந்த டி.ஆர். ராமச்சந்திரனைத்தான்.

பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகத்திலிருந்து உருவான அப்படத்தில் எசமானுக்கும் வேலைக்காரனுக்கும் ஒரே பெயர். தொல்காப்பிய மெய்ப்பாட்டியல், உள்ளத்து உணர்வு உடலில் வெளிப்படுவதை மெய்ப்பாடு என்று வகுத்து, அவற்றுள் முதலாவதான நகைக்கு எள்ளல், இளமை, பேதைமை, மடன் என நான்கு நிலைக்களன்களைச் சொல்கிறது. படிப்பு ஏறாத செல்வர் வீட்டுப் பிள்ளையாக ராமச்சந்திரன் காட்டியது பேதைமை. இட்ட கட்டளையைச் சொல்லுக்குச் சொல் அப்படியே பிடித்துக்கொள்ளும் வேலைக்காரனாகக் காளி என். ரத்னம் காட்டியது மடன். ராமச்சந்திரனின் முட்டைக்கண்கள் திகைப்பில் விரிந்து உருளும்போது, அமெரிக்க நடிகர் எடி கேன்டரை நினைத்துக்கொண்ட விமர்சகர்களும் உண்டு; ஆனால் அந்த அப்பாவித்தனம் நம் நாடக மேடையில் விளைந்தது.

போர்க்காலத்தை ஒட்டி மெய்யப்பன் காரைக்குடியின் தேவகோட்டை ரஸ்தாவில் படப்பிடிப்புக் கூடம் அமைத்து, 1947இல் 'நாம் இருவர்' படத்தை வெளியிட்டு, 1948இல் சென்னைக் கோடம்பாக்கத்துக்குப் பெயர்ந்தார். அதன்பின் வந்த 'வாழ்க்கை' (1949) படத்தில், அறிமுக நடிகை வைஜெயந்திமாலாவுடன் மீண்டும் ராமச்சந்திரனையே நடிக்க வைத்தார்.

ராமச்சந்திரனுடைய கலையின் உச்சம் 'அடுத்த வீட்டுப் பெண்' (1960). பாட வராத நாயகன், அடுத்த வீட்டுப் பெண்ணின் மனத்தைக் கவர்வதற்காக, மறைந்திருந்து நண்பன் பாடும் பாட்டுக்கு வெறுமே வாயசைக்க வேண்டும். குரல் இன்னொருவருடையது, பாடகனுக்குரிய மிடுக்கும், குட்டு வெளிப்பட்டுவிடுமோ என்ற அச்சமும் ஒரே முகத்தில் மாறி மாறி வந்தாக வேண்டும். உதடு ஒன்று சொல்ல விழி வேறொன்று சொல்லும் அக்காட்சியில், முகத்தையன்றி அவருக்கு வேறு துணையில்லை. வங்காள மூலத்தைக் கொண்ட இதே கதை 1968இல் இந்தியில் 'படோசன்' ஆனது.

தமிழ்ப் படங்கள் நாயகனை ஒரு பக்கமும் நகைச்சுவை நடிகரை மறுபக்கமும் நிறுத்திப் பழகிய காலத்தில், காதலிப்பவனும் சிரிக்கவைப்பவனும் ஒருவனாகவே இருக்க முடியும் என்று காட்டியவர் ராமச்சந்திரன். பிற்காலத்தில் 'அன்பே வா', 'தில்லானா மோகனாம்பாள்' போன்றவற்றில் துணை வேடங்களுக்கு நகர்ந்த அவர் 1990இல் காலமானார். கலைவாணர், சந்திரபாபு, நாகேஷ் என்று எழுதப்படும் நகைச்சுவை வரலாறு, நாயகனாகவே நின்று சிரிக்கவைத்த இவருக்குத் தனி இடம் தராதவரை முழுமையானதாகாது.