சுருதி ஹாசன்

சுருதி ஹாசன் (பிறப்பு: சனவரி 28, 1986, சென்னை) திரைப்பட நடிகை, பாடகி, இசையமைப்பாளர். நடிகர்கள் கமல்ஹாசன், சரிகா ஆகியோரின் மூத்த மகள். தங்கை அக்சராவும் நடிகை. பெரியப்பா சாருஹாசன், அவர் மகள் சுகாசினி, உறவினர் அனு ஹாசன் எனக் குடும்பமே திரையுலகில் வேரூன்றியது.

நடிப்புக்கு வெகு முன்பே பாட்டு வந்துவிட்டது. ஆறு வயதில் இளையராஜா இசையில் ‘தேவர் மகன்’ (1992) படத்துக்குப் பாடினார். தந்தை இயக்கிய ‘ஹே ராம்’ (2000) படத்தில் பாடியதுடன், வல்லபாய் படேலின் மகளாகச் சிறு வேடத்திலும் தோன்றினார். கலிபோர்னியாவில் இசை பயின்று திரும்பியபின் ‘வாரணம் ஆயிரம்’ படத்தில் ஹாரிஸ் ஜெயராஜ் இசையில் பாடிய ‘அடியே கொல்லுதே’ இளைஞர்களிடையே பெயர் வாங்கித் தந்தது. 2009இல் ‘உன்னைப்போல் ஒருவன்’ படத்துக்கு இசையமைத்தார்.

நாயகியாக முதல் படம் இந்தியில் வெளிவந்த ‘லக்’ (2009). தமிழில் ‘ஏழாம் அறிவு’ (2011) மரபணு ஆய்வு மாணவியாக அவரை அறிமுகப்படுத்தியது. வணிக வெற்றி தாமதமாகவே, அதுவும் தெலுங்கில், ‘கப்பர் சிங்’ (2012) வழியே வந்தது. ‘ரேஸ் குர்ரம்’ (2014) சிறந்த நடிகைக்கான பிலிம்பேர் விருது பெற்றுத் தந்தது. நடிகையாகவே பரவலாக அறியப்பட்டாலும், அவருடைய தனித்தன்மை இசையில்தான் தெளிவாகத் தெரிகிறது. 2024இல் வெளிவந்த ‘இனிமேல்’ இசைக்காணொளிக்கு அவர் இசையமைக்க, கமல்ஹாசன் பாடல் எழுதினார். இயக்குநர் லோகேஷ் கனகராஜ் உடன் நடித்தார்.