வயல் காடான கதை: தோம்பிலிருந்து வர்த்தமானி வரை

தரம் 11 வகுப்பில் ஐந்திணை படிப்பித்துக்கொண்டிருந்தேன். முல்லை காடு, மருதம் வயல் என்று சொல்லி முடிக்கவில்லை. வடமராட்சி கிழக்கிலிருந்து வரும் ஒரு பிள்ளை எழும்பி, “சேர், வயலைக் காடெண்டு கவுண்மெந்து எழுதினா அது என்ன திணை?” என்று கேட்டாள். வகுப்புச் சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் கேள்விக்கு விடை தேடப்போய் எழுதியதே இக்கட்டுரை.

இதன் வேர் 1840இல் இருக்கிறது. அவ்வாண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடாகவும் தரிசாகவும் பயிரின்றியும் கிடக்கும் நிலம் முடிக்குரியது என்று அனுமானித்தது. இல்லையென்று நிறுவுவது உரிமை கோருபவர் தலையில் விழுந்தது. சில ஆண்டுகள் இடைவிட்டுப் பயிரிடும் சேனைகளும் தரிசாகவே எண்ணப்பட்டன. யாழ்ப்பாணத்தில் ஒல்லாந்தர் காலத்துத் தோம்பு இருந்தது, உறுதி இருந்தது, காட்டி வாதாட ஏதோ இருந்தது. பின்பு 1907இல் வனக் கட்டளைச் சட்டமும் 1937இல் வனசீவராசிகள், தாவரங்கள் பாதுகாப்புக் கட்டளைச் சட்டமும் வந்தன. ஆளும் பயிரும் இல்லாத நிலம் அரசினது என்ற பழைய எண்ணம் மட்டும் மாறவில்லை.

குடாநாட்டின் தென்கிழக்கு மூலையைப் பாருங்கள். பூநாரைகள் வந்திறங்கும் சுண்டிக்குளம் 1938இல் சரணாலயமானது. போர் முடிந்தபின், 2015 ஜூன் 22இல், எல்லை விரிந்து 19,565 ஹெக்டேயர் தேசியப் பூங்காவாயிற்று. பெயர் மாற்றந்தானே என்று விட்டுவிட முடியாது. சரணாலயத்துக்குள் தனியார் காணி இருக்கலாம். தேசியப் பூங்கா அரச காணியில்தான் அமையும். ஆகவே தன் நிலம் பூங்கா எல்லைக்குள் விழுந்ததைக் காண்பவர், முதலில் அது அரச காணியல்ல என்று நிறுவ வேண்டும். போரிலே பலமுறை இடம்பெயர்ந்து உறுதியைத் தொலைத்தவர் எதைக் கொண்டு நிறுவுவார்?

2025 மார்ச் 28இல் வந்த காணி நிர்ணய வர்த்தமானியும் இதே கேள்வியை எழுப்பியது. வட மாகாணத்தின் நான்கு மாவட்டங்களில் ஏறத்தாழ 5,940 ஏக்கர்; பாதிக்கு மேல் யாழ்ப்பாண மாவட்டத்தில். உரிமை கோர மூன்று மாதந்தான் தவணை. உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. அரசு வர்த்தமானியை மீளப் பெற்றது. எதிர்த்துக் கேட்டால் பலன் உண்டு என்பதற்கு இது ஒரு சான்று.

நம் சமூகம் இந்தப் பாடத்தைப் படித்தது முசலியில். 1990 ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். மறிச்சுக்கட்டி, கரடிக்குளி, பாலைக்குளி மக்கள் புத்தளத்து முகாம்களில் காலம் கழிக்க, அவர்களது நிலத்தில் மரம் வளர்ந்தது. 2012 ஒக்டோபர் 10இல் அப்பகுதி ஒதுக்கப்பட்ட காடாயிற்று. களத்துக்கு வராமலே எல்லை குறித்தார்கள் என்பது மக்களின் முறைப்பாடு. 2017 மார்ச்சில் 40,030 ஹெக்டேயர் மாவில்லு பேணற்காடு பிரகடனமானது. மக்கள் வீதியோரம் பந்தலிட்டு நாட்கணக்கில் குந்தியிருந்தார்கள். 2020 நவம்பர் 16இல் மேன்முறையீட்டு நீதிமன்றம், வில்பத்துக் காட்டுத் தொகுதியில் நடந்த காடழிப்பு சட்டவிரோதமானது எனத் தீர்த்து, முன்னாள் அமைச்சரின் செலவில் மரம் நடப் பணித்தது. பத்திரிகைகள் அமைச்சரைப் பற்றியே எழுதின. வயல்காரரின் உறுதியைப் பற்றி எழுதியவர் அரிது.

அப்பக்கம் போனபோது ஒரு முதியவரிடம், “காக்கா, இவ்வளவு பெரிய மரம் நிக்குதே, காடில்லையெண்டு எப்படிச் சொல்றது?” என்று கேட்டேன். “மாஸ்டர், காடு தானா வந்தது. நாங்க தானாப் போகல்லயே” என்றார்.

சட்டம் இதை அறியாததல்ல. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்க ஆட்சியுரிமை (விசேட ஏற்பாடுகள்) சட்டம், 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தை, காணிக்கு வர முடியாதவருக்கு எதிராக எண்ணாமல் விட வழிசெய்தது. அதாவது, நான் இல்லாத காலத்தில் என் காணியில் இன்னொருவர் பத்தாண்டு குந்தியிருந்தாலும் நான் வழக்காட அச்சட்டம் இடம் தந்தது. மனிதர் குந்தினால் கழிபடும் அந்த ஆண்டுகள், மரம் குந்தினால் மட்டும் ஏன் கழிபடுவதில்லை? என் கேள்வி இவ்வளவுதான்.

காடு வேண்டாமென்று நான் சொல்லவில்லை. மரம் நடுவதைத் தர்மம் என்று சொன்ன மார்க்கம் நம்முடையது. காட்டை அழித்து அரசியல் செய்தவர் நம்மிலும் உண்டென்றால் அதையும் பேச வேண்டும். ஆனால் காடு எது, கைவிடச் செய்யப்பட்ட வயல் எது என்று பிரித்தறியச் சான்று வேண்டும். சான்று இன்னும் கிடக்கிறது: பழங்கிணறு, தூர்ந்த குளம், மையவாடி, பள்ளிவாசல் பதிவேடு, பாடசாலைச் சம்பவத் திரட்டுப் புத்தகம், மூத்தவர்கள் வாயிலிருக்கும் காணிப் பெயர்கள். 1990இல் எங்கள் வாப்பா விட்டுவந்த பெட்டியோடு எங்கள் உறுதியும் போயிற்று. காணியின் நாலெல்லையை அவர் மனப்பாடமாகச் சொல்வார். அதை எழுதிவைக்க எனக்கு இருபது வருடம் தோன்றவில்லை. இன்று அவர் இல்லை.

அந்தப் பிள்ளைக்குத் திணை என்னவென்று நான் இன்னும் சொல்லவில்லை. “வீட்டில உறுதி இருந்தா மூன்று பிரதி எடுத்துவை, அப்பப்பாவிட்ட காணிப் பேரெல்லாம் கேட்டு எழுது” என்றேன். அடுத்த கிழமை ஒரு கொப்பி நிறைய எழுதிக்கொண்டு வந்தாள்.